முற்பகலா, பிற்பகலா?

“பிள்ளைங்களுக்கு மாசம் ஒரு பரீட்சை வைக்கிறவங்க, தங்களுக்கு ஒரு பரீட்சைன்னதும் கோர்ட்டுக்கு ஓடுறாங்க பாருங்க.” 2025 செப்டம்பரில் ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) பற்றிய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்த பிறகு இந்த வசனத்தை முடிவெட்டும் கடையில் கேட்டேன். பேரனை ஏற்றிப்போகும் வேன் டிரைவர் சொன்னார். கடைசியில் என் மருமகனும், மாமனார் வாத்தியார் என்ற கூச்சத்தோடு சாப்பாட்டுத் தட்டைப் பார்த்தபடி, கொஞ்சம் மரியாதையான சொற்களில் அதையே சொன்னார்.

பத்திரிகையில் எழுதுகிறவர்கள் கையில் இது இன்னும் நாகரிகமாகிவிடுகிறது. ஆசிரியர்கள் தகுதியைக் கண்டு அஞ்சுகிறார்களாம். பணிமூப்புக்குப் பின்னால் ஒளிந்துகொள்கிறார்களாம். வழக்குமேல் வழக்குப் போட்டுப் பள்ளிகளைத் தலைமை ஆசிரியர் இல்லாமல் ஆக்கிவிட்டார்களாம். முதல் இரண்டும் தவறு. மூன்றாவது, நடந்ததைத் தலைகீழாகப் பிடித்துப் பார்ப்பது.

நான் இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்து, தொடக்கப் பள்ளித் தலைமை ஆசிரியராக ஓய்வு பெற்றவன். பட்டதாரி ஆசிரியர் பதவி உயர்வு வந்தபோது அம்மா படுக்கையில் இருந்ததால் உரிமைவிடல் கடிதம் எழுதிக் கொடுத்தவன். இனி எந்தத் தீர்ப்பும் எனக்கு ஒரு ரூபாய் கூட்டாது, குறைக்காது. அதனால் கொஞ்சம் உரக்கவே பேசலாம்.

அந்த வசனத்தைச் சொல்கிறவர்கள் ஒரு முன்னுரிமைப் பட்டியலையாவது கண்ணால் பார்த்திருப்பார்களா என்பது சந்தேகம். ஒவ்வொரு ஆண்டும் ஜனவரி 1 நிலவரப்படி என்று தலைப்பிட்டு வரும். வரிசை எண், பெயர், பிறந்த தேதி, கல்வித் தகுதி, முதன்முதலில் பணியேற்ற நாள், தற்போதைய பதவியில் சேர்ந்த நாள், பணிவரன்முறை செய்யப்பட்ட நாள், தகுதிகாண் பருவம் முடித்த நாள். கடைசியில் ‘குறிப்பு’ என்று ஒரு குறுகிய கட்டம். எண்ணிப் பாருங்கள், பாதிக்கு மேல் தேதிகள். அலுவலகப் பலகையில் அது ஒட்டப்பட்ட அன்று ஆசிரியர்கள் விரல் வைத்துத் தேடுவது தங்கள் பெயரை அல்ல. தங்களுக்கு மேலே இருக்கும் பெயரின் தேதியை.

எங்கள் ஒன்றியத்தில் இரண்டு பேர் ஒரே நாளில் பணியில் சேர்ந்தார்கள். ஒருவர் காலையில் வந்து கையெழுத்துப் போட்டார். இன்னொருவருக்குப் பஸ் கிடைக்கவில்லை, சாப்பாட்டு மணிக்குப் பிறகு வந்தார். ஒருவர் பணிப்பதிவேட்டில் ‘மு.ப.’ என்று இருந்தது. மற்றவருடையதில் தேதியோடு சரி. பதினாறு பதினேழு வருடம் கழித்து ஒரே ஒரு தலைமை ஆசிரியர் காலியிடம் வந்தபோது யார் மூத்தவர் என்ற கேள்வி எழுந்தது. பணியில் சேர்ந்த நேரத்தை வைத்தல்ல, தேர்வுப் பட்டியலின் தரவரிசையை வைத்துத்தான் மூப்பு முடிவாக வேண்டும். அந்தப் பட்டியலைத் தேடினார்கள், கிடைக்கவில்லை. கிடைக்காததால் சேர்ந்த நாளைப் பார்த்தார்கள். நாளும் ஒன்றாக இருந்ததால் நேரத்துக்கு வந்தார்கள். வழக்கு உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போயிற்று. அந்தப் பள்ளி இரண்டு வருடத்துக்கு மேல் ‘பொறுப்பு’ தலைமை ஆசிரியரின் கையெழுத்தில் ஓடியது. ஊரில் எல்லோரும் சொன்னது: “ரெண்டு வாத்தியாரும் பதவிக்கு அடிச்சுக்கிறாங்க.” காகிதத்தைத் தொலைத்த ஆபீஸைப் பற்றி யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை.

நான் பார்த்த வழக்குகளில் பெரும்பாலானவை இப்படித்தான். வெளியிலிருந்து பார்த்தால் பதவிச் சண்டை. மனுவைப் பிரித்துப் பார்த்தால் தேதிச் சண்டை. ஒரு விதி எந்த நாளிலிருந்து, யார்மேல் பாய்கிறது என்பதை விதி போடும் அரசு அன்றே தெளிவாக எழுதுவதில்லை. எழுதாமல் விட்ட அந்த ஒரு வரியை எழுதித் தரச் சொல்லித்தான் ஆசிரியர் நீதிமன்றம் போகிறார்.

இப்போது எல்லோர் வாயிலும் இருக்கும் டெட் தேர்வையே எடுத்துக்கொள்வோம்.

கல்வி உரிமைச் சட்டம் 2009-ல் நிறைவேறி, 2010 ஏப்ரல் 1-ல் நடைமுறைக்கு வந்தது. அதன் 23-ஆம் பிரிவு, ஆசிரியருக்கான குறைந்தபட்சத் தகுதியை ஒரு அமைப்பு வகுக்கும் என்றது. அந்த வேலை தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்துக்கு வந்தது. குழுமம் 2010 ஆகஸ்ட் 23-ல் அறிவிக்கை வெளியிட்டு, ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை கற்பிக்க வருபவருக்கு டெட் கட்டாயம் என்றது. அதே அறிவிக்கையின் 4-ஆவது பத்தி, அந்தத் தேதிக்கு முன் நியமிக்கப்பட்ட குறிப்பிட்ட வகையினர் புதிய தகுதியைப் பெறத் தேவையில்லை என்று விலக்கும் கொடுத்தது. 2011 ஜூலை 29-ல் அறிவிக்கைக்கு ஒரு திருத்தம் வந்தது. தமிழக அரசு தன் பங்குக்கு அரசாணை 181-ஐ வெளியிட்டது 2011 நவம்பர் 15-ல். தமிழ்நாட்டில் முதல் டெட் தேர்வு நடந்தது 2012 ஜூலை 12-ல்.

ஆக, மத்தியில் விதி வந்து ஏறத்தாழ இரண்டு வருடம், தமிழக அரசு நடத்திய டெட் என்று ஒன்று இருக்கவே இல்லை. அந்த இடைவெளியில் ஒரு உதவிபெறும் பள்ளியில் முறையாகச் சேர்ந்தவர் தகுதியுள்ளவரா, இல்லாதவரா? 23.8.2010, 29.7.2011, 15.11.2011. இந்த மூன்றில் எது அவருக்கான கோடு? அரசு சொல்லவில்லை. வழக்குகள் வந்தன. 2023 ஜூன் 2-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு நடுத் தேதியைப் பிடித்தது: 29.7.2011-க்கு முன் சேர்ந்தவர் டெட் இல்லாமலே பணியில் தொடரலாம், ஊதிய உயர்வும் உண்டு. பதவி உயர்வு வேண்டுமென்றால் டெட் வேண்டும். 2025 செப்டம்பர் 1-ல் உச்ச நீதிமன்றம் அதையும் தாண்டிப் போனது. ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் பாக்கி உள்ளவர்கள் இரண்டு ஆண்டுக்குள் டெட் தேற வேண்டும், இல்லையென்றால் கட்டாய ஓய்வு. ஐந்து ஆண்டுக்குக் குறைவாக இருந்தால் தொடரலாம், பதவி உயர்வு மட்டும் கிடையாது.

தீர்ப்பின் தர்க்கத்தைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். சட்டமே, தகுதி இல்லாமல் பணியில் இருப்பவர் ஐந்து ஆண்டுக்குள் அதைப் பெற வேண்டும் என்கிறது. 2017-ல் ஒரு திருத்தம் வந்து, அந்தக் கெடு 2019 மார்ச் வரை நீண்டது. சட்டத்துக்கு எதிராக ஒரு அறிவிக்கையின் பத்தி நிற்க முடியாது. குழந்தைக்குத் தரமான கல்வி என்பது உரிமை, ஆசிரியரின் சௌகரியம் அதற்குப் பிறகுதான். இது வலுவான வாதம். இதை மறுக்க வேண்டுமென்றால் ‘பாவம், வயசானவங்க’ என்று கெஞ்சிப் பயனில்லை.

ஆனால் அந்த வாதத்தையே நேர்மையாகக் கடைசி வரை கொண்டுபோங்கள். குழந்தையின் உரிமைக்காகத்தான் டெட் என்றால், ஓய்வுக்கு நான்கு வருடம் பதினொரு மாதம் உள்ளவரிடம் படிக்கும் குழந்தைக்கு அந்த உரிமை இல்லையா? ஐந்து வருடம் ஒரு மாதம் உள்ளவர் வகுப்பில் மட்டும் அது எப்படி முளைக்கிறது? சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டமே பொருந்தாது என்று 2014-ல் அரசியல் சாசன அமர்வு சொன்னது. அதைச் சரிதானா என்று பார்க்க இப்போது பெரிய அமர்வுக்கு அனுப்பியிருக்கிறார்கள். அதுவரை அங்கே படிக்கும் பிள்ளை? குழந்தையை வைத்துத் தொடங்கிய வாதம் மறுபடி தேதியிலும் வகைப்பாட்டிலும்தான் வந்து நிற்கிறது. நீதிமன்றமே ஒரு கோடு போட வேண்டியிருந்தது, போட்டது. அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் நிற்கிறவர் “ஏன்?” என்று கேட்டால் பரீட்சைக்குப் பயந்தவராகிவிடுவாரா? அப்படியானால் தமிழக அரசும் பயந்துவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும். அதுவும் மறுசீராய்வு மனு போட்டதே.

“பதினைந்து வருஷம் இருந்ததே, எழுதியிருக்கலாமே” என்பது அடுத்த அம்பு. ஆண்டுக்கு ஒரு முறையாவது டெட் நடத்த வேண்டும் என்று ஆசிரியர் கல்விக் குழுமத்தின் வழிகாட்டுதல் சொல்கிறது. மாற்றுத் திறனாளிகளுக்காக 2014-ல் நடந்த சிறப்புத் தேர்வைத் தள்ளிவிட்டுப் பார்த்தால், தமிழ்நாட்டில் நடந்தவை: 2012-ல் முதல் தேர்வும் அதன் துணைத் தேர்வும், 2013, 2017, 2019, 2022-23, அப்புறம் 2025 நவம்பர். 2013 ஆகஸ்டுக்கும் 2017 ஏப்ரலுக்கும் நடுவில் பொதுத் தேர்வே இல்லை. முதல் தேர்வில் தேறியவர்கள் ஒரு விழுக்காட்டுக்கும் குறைவு. 2014 பிப்ரவரியில் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு ஐந்து விழுக்காடு மதிப்பெண் தளர்வு கொடுத்து, ஏற்கெனவே முடிந்துபோன 2013 தேர்வுக்கும் அது செல்லும் என்றார்கள். அதுவும் வழக்காகி, உச்ச நீதிமன்றம் அரசின் முடிவு செல்லும் என்று சொல்லும்போது 2016 நவம்பர். வண்டியை அவ்வப்போது மட்டும் ஓட்டிவிட்டு, ஏறாதவனைச் சோம்பேறி என்கிறோம். அதிலும், ‘உனக்கு டிக்கெட் தேவையில்லை’ என்று 4-ஆவது பத்தியைக் காட்டி உட்கார வைக்கப்பட்டவன் அவன்.

தேர்வு எதை அளக்கிறது என்பதையும் ஒரு தடவை பார்த்துவிடலாம். இரண்டாம் தாளில் 150 கேள்வி. குழந்தை வளர்ச்சியும் கற்பித்தலும் 30, தமிழ் 30, ஆங்கிலம் 30. மீதி 60, ஒன்று கணக்கு-அறிவியல், இல்லையென்றால் சமூக அறிவியல். இருபத்தைந்து வருடம் தமிழ் மட்டுமே நடத்தி வந்த ஆசிரியைக்கும் இதே கதிதான். அவர் தமிழில் முப்பதுக்கு முப்பது வாங்கலாம். தேறுவாரா மாட்டாரா என்பதை வளிமண்டல அடுக்குகளும் சட்டத் திருத்தங்களும்தான் முடிவு செய்யும். புதிதாக வரும் இளைஞருக்கு இது ஒரு நுழைவுச் சல்லடை, வைத்துக்கொள்ளுங்கள், எனக்கு ஆட்சேபம் இல்லை. இருபத்தைந்து வருட வேலையை அளக்க இதையே நீட்டினால், கிணற்று ஆழத்தை ஸ்கேலால் அளப்பதுபோல்தான்.

இனி மூப்பு. ‘திறமைக்குப் பதவி, வயசுக்கு அல்ல’ என்று சொல்வது எவ்வளவு அழகாக இருக்கிறது! அப்படி ஒரு விதி தமிழ்நாட்டில் ஐம்பது வருடத்துக்கு முன்பே வந்துவிட்டது என்றால் நம்புவீர்களா? தனியார் பள்ளிகள் முறைப்படுத்தும் சட்டத்தின் கீழ் 1974-ல் வந்த விதிகள், உதவிபெறும் பள்ளிகளில் பதவி உயர்வு தகுதியையும் திறமையையும் கொண்டே தரப்பட வேண்டும், அவை ஏறக்குறையச் சமமாக இருந்தால் மட்டுமே மூப்பைப் பார்க்க வேண்டும் என்றன. இதனால் வழக்கு குறைந்திருக்க வேண்டும் அல்லவா? மாறாக, உதவிபெறும் பள்ளித் தலைமை ஆசிரியர் பதவி என்றாலே வழக்கு என்றாகிவிட்டது. ஏனென்றால் திறமையை அளக்கும் கோல் செயலாளர் சட்டைப் பையில் இருந்தது. தாளாளரின் மைத்துனருக்குத் திறமை அதிகமாக இருப்பதை நான் பல பள்ளிகளில் கவனித்திருக்கிறேன். கேரளத்தில் எம்ஜே உயர்நிலைப் பள்ளி வழக்கில் 1998-ல் உச்ச நீதிமன்றம், சிறுபான்மை நிர்வாகம் தகுதியுள்ள ஒருவரை மூப்பு பாராமல் தலைமை ஆசிரியராக்கிக்கொள்ளலாம் என்றது. அந்த உரிமைக்கு அரசியல் சாசனத்தில் காரணம் இருக்கிறது, சரி. ஆனால் அங்கேயும் பதவி கிடைக்காதவர், தன்னைவிட இளையவர் எந்த விதத்தில் மேல் என்று கேட்டால், பதிலாகக் காட்ட ஒரு காகிதமும் இருக்காது.

மூப்பு திறமையைக் காட்டாது, உண்மை. அது காட்டுவதாக யார் சொன்னது? யாரும் கைவைத்துத் திருத்த முடியாத ஒரு வரிசை அது. ஒன்றியப் பெருந்தலைவர் முன்னால் கைகட்டி நின்றால்தான் மாற்றலும் உயர்வும் என்றிருந்த காலத்தை என் மூத்த ஆசிரியர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். ஊராட்சி ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் 1981-ல் அரசு ஊழியர்களானபோது அவர்களுக்குக் கிடைத்தவற்றில் பெரியது சம்பளம் அல்ல, இந்த வரிசைதான். இதைவிட நல்ல அளவுகோல் ஒன்றைக் கொண்டுவாருங்கள், ஏற்கலாம். முப்பது வருடமாக யாரும் ஒரு ஆசிரியரின் வகுப்பில் பின் பெஞ்சில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் முழுதாகப் பார்த்ததில்லை. ஆய்வு என்றால் பதிவேடு, இப்போது செல்போனில் எமிஸ் என்ற கல்வித் தகவல் செயலி. அளவுகோலே செய்யாதவர்கள் வரிசையை உடைக்கச் சொல்வது வேடிக்கை.

வரிசையே கோணலாக இருந்த இடமும் உண்டு, அதையும் சொல்லிவிட வேண்டும். தொடக்கக் கல்வித் துறையில் மூப்பு ஒன்றிய அளவில் இருந்தது. ஒரே ஆண்டில் சேர்ந்த இரண்டு பேரில், காலியிடம் அடிக்கடி விழும் ஒன்றியத்தில் இருந்தவர் சில வருடத்தில் தலைமை ஆசிரியர். பக்கத்து ஒன்றியக்காரர் இருபது வருடம் கழித்தும் இடைநிலை ஆசிரியர். கணவர் ஊருக்கு மாற்றல் வாங்கிப் போன ஆசிரியை அங்கே வரிசையின் வாலில் போய் நின்றார். இது அநியாயம்தான். 2023 டிசம்பர் 21-ல் அரசாணை 243 இதை மாநில மூப்பாக மாற்றியபோது, பலர் சீர்திருத்தம் என்று கைதட்டினார்கள். எதிர்த்து 2024 ஜூலையில் சென்னையில் கல்வித் துறைத் தலைமையகமான டி.பி.ஐ. வளாகத்தை முற்றுகையிட்ட, டிட்டோஜாக் என்ற தொடக்கப் பள்ளி ஆசிரியர் சங்கக் கூட்டமைப்பினரைச் சுயநலக்காரர்கள் என்றார்கள்.

ஆனால் ஒன்றிய மூப்பை நம்பி, இன்னும் இரண்டு வருடத்தில் உள்ளூரிலேயே உயர்வு வரும் என்று வீட்டுக் கடன் வாங்கியவர், பிள்ளையை உள்ளூர்ப் பள்ளியில் சேர்த்தவர், மாமியாரைப் பார்த்துக்கொள்ள ஊரிலேயே தங்கியவர் எல்லாம் ஒரே காலையில் மாநில வரிசையில் எங்கோ போய் நின்றார்கள். உயர்வு வந்தாலும் அது முன்னூறு கிலோமீட்டர் தள்ளி என்றால், பெண்கள் என்ன செய்வார்கள்? உரிமைவிடல் கடிதம் எழுதுவார்கள். நான் ஆண்பிள்ளை, எனக்கே எழுத வேண்டியிருந்தது. இன்ன தேதிக்குப் பின் சேர்கிறவர்களுக்கு மாநில மூப்பு, ஏற்கெனவே உள்ளவர்களுக்குப் பழைய வரிசை என்று ஒரு பத்தி எழுதியிருந்தால் பாதிச் சண்டை எழுந்திருக்காது. பழைய அநியாயத்தால் தேங்கியவர்களுக்குத் தனி வழி யோசித்திருந்தால் மீதியும் குறைந்திருக்கும்.

தேதி பற்றிய அலட்சியம் பதவியோடு நிற்பதில்லை. 2009 மே 31-ல் இருந்த இடைநிலை ஆசிரியரின் அடிப்படைச் சம்பளம் 8,370 ரூபாய் என்று நிர்ணயமானது. மறுநாள் ஜூன் 1-ல் சேர்ந்தவருக்கு 5,200. அதே வகுப்பு, அதே கரும்பலகை. இதற்காகப் பின்னால் சேர்ந்தவர்கள் வருடக்கணக்கில் தெருவில் நின்று போராடியிருக்கிறார்கள்.

ஆசிரியர் தரப்பு சுத்தம் என்று சொல்ல வரவில்லை. வகுப்பறையைப் பார்க்கலாம் என்று யார் சொன்னாலும் சங்கங்கள் எதிர்த்தன. எங்கள் சங்கமும்தான், நானும் கை தூக்கினேன். தனக்கு மேலே உள்ளவர் உயர்வைத் தடுக்க மட்டுமே ஸ்டே வாங்கி, ஓய்வு பெறும் வரை இழுத்தவர்கள் உண்டு. அவர்களை ஆதரிக்க ஒரு வாதமும் என்னிடம் இல்லை. பதவி உயர்வு யாருக்கும் உரிமையில்லை, அதற்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உரிமை என்று நீதிமன்றங்கள் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. பரிசீலிக்கவே பட்டியல் தயாராகாதபோது அந்த உரிமையைக் கேட்க நீதிமன்றத்தை விட்டால் வேறு எந்த வாசல் இருக்கிறது?

தலைமை ஆசிரியர் இல்லாத பள்ளியை நான் உள்ளிருந்து பார்த்தவன். இரண்டே ஆசிரியர் உள்ள பள்ளி. அதில் ஒருவருக்குப் பொறுப்பு. காலையில் எமிஸ் வருகைப் பதிவு, அப்புறம் காலை உணவுக் கணக்கு, பத்து மணிக்குக் கூட்டம் என்று வட்டார அலுவலகத்திலிருந்து அழைப்பு. மேல்நிலைப் பள்ளிகள் தேவலாம், அங்கே உதவித் தலைமை ஆசிரியர் இருப்பார். இங்கே ஐந்து வகுப்பும் மற்ற ஒருவர் தலையில். பொறுப்பில் உள்ளவர் ஒரு உடைந்த ஓட்டை மாற்றவும் தயங்குவார், நாளை நிரந்தரமாக வருகிறவர் கேள்வி கேட்பாரே என்று. காலியிடம் ஏன் நிரப்பவில்லை என்று கேட்டால் ஆபீஸில் எப்போதும் ஒரே பதில்: “வழக்கு நிலுவையில இருக்கு சார்.” எந்தப் பதவிக்கு, எந்த ஒன்றியத்தில், எத்தனை இடத்துக்குத் தடை என்று கேளுங்கள். சில நேரம் ஒரே ஒரு இடத்துக்கான தடையைக் காட்டி மொத்தப் பட்டியலும் பீரோவில் தூங்கும். வழக்கு ஆசிரியருக்குச் செலவு, பள்ளிக்கு நஷ்டம். முடிவெடுக்க விரும்பாத அலுவலகத்துக்கு மட்டும் அது நல்ல சாக்கு.

2025 நவம்பரில் என்னோடு வேலை பார்த்த ஒரு தமிழாசிரியை டெட் எழுதினார். வயது ஐம்பத்திரண்டு, சேர்ந்தது 1999. ராத்திரி சமையலை முடித்துவிட்டு எட்டாம் வகுப்பு சமூக அறிவியல் புத்தகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்தாராம். சந்தேகம் கேட்க ஆள் வேண்டுமே, தன் பழைய மாணவி நடத்தும் பயிற்சி மையத்தில் சேர்ந்தார். மாணவி பீஸ் வாங்க மறுத்துவிட்டாள். தேர்வு முடிந்த அன்று மாலை போன் செய்தார்.

“எப்படி டீச்சர் எழுதினீங்க?”

“தமிழ் முப்பதும் சரியா இருக்கும் சார். மத்தது பார்க்கணும். அதுக்கில்ல, உங்களை ஒண்ணு கேக்கலாம்னு... நான் பாஸாயிட்டேன்னு வச்சுக்குங்க. நடுநிலைப் பள்ளி எச்.எம். பேனல் போடும்போது என் மூப்பை எந்தத் தேதியில இருந்து எடுப்பாங்க? சேர்ந்த தேதியா, இப்ப டெட் பாஸான தேதியா? எனக்குப் பதினாலு வருஷம் கழிச்சு வந்த பையன் 2013-லயே பாஸ் பண்ணிட்டான் சார். அவன் எனக்கு மேலயா, கீழயா?”

மறுநாள் வட்டாரக் கல்வி அலுவலகத்தில் போய்க் கேட்டேன். கண்காணிப்பாளர் தெரிந்தவர்தான். கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்துவிட்டு, “யாராச்சும் கேஸ் போட்டாத்தான் சார் தெரியும்” என்றார்.